அலமு நீட்டிய பொன்னாடை

சித்தேரிப்பாக்கத்தில் போய் அலமு வீடு எது என்று கேட்டால், "எந்த அலமு? பொன்னாடை அலமுவா?" என்று திருப்பிக் கேட்பார்கள். பாசத்தில் வைத்த பேர் இல்லை அது. ஒரு பெண்ணை ஊரே வாயில் போட்டு மூன்று வருஷம் மென்று துப்பிய பிறகு மிஞ்சிய பேர். அதற்கு முன்னால் அவள் இட்லி அலமு. சுங்குவார்சத்திரம் பக்கத்துக் கம்பெனி ஒன்றின் கேன்டீனில் அவளுக்கு வேலை. முதல் ஷிப்ட் ஆட்கள் பஸ்ஸை விட்டு இறங்குவதற்குள் இட்லியை அவித்துக் கொட்டிவிடுவாள். ஒரகடம் ரோட்டில் லாரி மோதிப் புருஷன் போய்ச் சேர்ந்த நாளிலிருந்து அந்த இட்லிப் பானைதான் அவளையும் மகள் நிலாவையும் காப்பாற்றியது.

பிள்ளைப்பாக்கத்திலிருந்து ஒரகடம் போகிற வழியில், கம்பெனிச் சுவர்களுக்கு நடுவே நசுங்கிக் கிடக்கிற ஊர் அது. நிலத்தை விற்றவர்கள் மாடி கட்டினார்கள். மாடியை அறை அறையாகத் தடுத்து, தெற்கத்திப் பிள்ளைகளுக்கு வாடகைக்கு விட்டார்கள். விற்க நிலம் இல்லாதவர்கள் அந்தக் கம்பெனிகளிலேயே கூட்டிப் பெருக்கப் போனார்கள். ஊருக்கென்று மிஞ்சியது ஒரு ஏரி. அந்த ஏரியால்தான் வந்தது வினை.

கம்பெனி வெளியே தள்ளுகிற குப்பைக்கு இந்தப் பக்கத்தில் என்ன மதிப்பு என்று வெளியூர்க்காரர்களுக்குத் தெரியாது. இரும்புத் துண்டு, தகரம், அட்டைப் பெட்டி எல்லாம் காசு. அந்த ஸ்கிராப் கான்ட்ராக்டுக்காகவே இங்கே தலைகள் உருண்டிருக்கின்றன. காசாகாத குப்பையும் உண்டு. எண்ணெய்ச் சேறும் பெயின்ட் கசடும் அப்படிப்பட்டவை. அவற்றை முறையாக ஒழிக்கச் செலவு பிடிக்கும். ஏரியில் கொட்டிவிட்டால் அந்தச் செலவும் லாபம். சித்தேரிப்பாக்கத்தில் இந்த லாபத்தைக் கண்டுபிடித்தவன் ரகு. ஆட்சி மாறினால் அவன் காரில் கொடி மாறும். கொஞ்ச நாளில் காரும் மாறும். ரகு மட்டும் அப்படியே இருப்பான். கல்யாணம், காதுகுத்து, சாவு எதுவானாலும் முதல் ஆளாக வந்து நிற்பான். அவன் சிரித்துப் பேசினால்தான் ஊர் பயப்படும்.

பஞ்சாயத்துத் தலைவர் பதவி பெண்களுக்கு என்று ஒதுக்கீடு வந்தபோது ரகு அசரவில்லை. மனைவி கங்காவை நிறுத்தினான். நாற்காலியில் கங்கா, நாற்காலிக்குப் பின்னால் ரகு என்று கணக்கு. பல ஊரில் நடக்கிற கூத்துதான். எதிரே மோகனப்ரியா நிற்பாள் என்று அவன் நினைக்கவே இல்லை.

மோகனப்ரியா கார் வயர் செய்கிற கம்பெனியில் லைனில் நின்று, லைன் லீடர் ஆனவள். முப்பத்திரண்டு வயசு இருக்கும். சிரித்தால் நாலு வீடு தாண்டிக் கேட்கும். அவளுடைய புருஷன் கோபிநாத், பேச்சுக்குப் பதில் தலையாட்டுகிற சாது. மூன்றாவது வார்டுக்கு நிற்கப் பெண் கிடைக்கவில்லை என்று மோகனப்ரியா ஒருநாள் அலமு வீட்டு வாசலில் வந்து நின்றாள்.

"அக்கா, நீ நில்லு."

"நானா? எனக்கு இட்லிய வுட்டா இன்னா தெரியும்?"

"ஆயிரம் பேருக்கு ஒரே நேரத்துல சோறு போடுற. அத்தவிட இன்னா தெரியணும்? ஒரு வார்டுக்குத் தண்ணி வுட மாட்டியா?"

அலமு நின்றாள். எதிர்த்து நிற்க யாரும் வராததால் ஜெயித்தாள். மோகனப்ரியாவோ கங்காவைச் சொற்ப ஓட்டில் தோற்கடித்தாள். அன்றைக்கு ரகுதான் முதலில் வந்து கும்பிட்டு, "தங்கச்சி, நல்லா பண்ணு. அண்ணன் கீறேன்" என்றான்.

தங்கச்சி நன்றாகவே பண்ணினாள். பதவிக்கு வந்த அடுத்த மாதமே ஜேசிபியைக் கொண்டுவந்து ஏரிக்கரைப் பாதையின் குறுக்கே பள்ளம் வெட்டினாள். கசடு லாரி வர வழி இல்லாமல் போனது. ஆள் அனுப்பிப் பேசினார்கள், மசியவில்லை. வீட்டு முன்னால் பைக்கை முறுக்கிக்கொண்டு திரிந்தார்கள், அசையவில்லை. கோபிநாத் மட்டும் இளைத்துக்கொண்டே போனான். "பள்ளத்த மூடிடு பிரியா, ஏரி இன்னா நம்ம வூட்டு சொத்தா?" என்று கெஞ்சினான். "நம்ம வூட்டு சொத்து இல்லடா, அதான் மூட மாட்டேங்கிறேன்" என்று அவள் சிரித்தாள். பயம் தெரியாத சிரிப்பு இல்லை அது. பயத்தை வெளியே காட்டினால் அது வளரும் என்று தெரிந்தவளின் சிரிப்பு. பக்கத்தில் இருந்த அலமுவுக்கு அது தெரியும்.

இங்கே பொன்னாடையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். நம்மூரில் நாலு பேர் கூடினால் பொன்னாடை இல்லாமல் முடியாது. ஜரிகைக் கரை போட்ட மெல்லிய துண்டுதான். துடைக்க உதவாது, துவட்ட உதவாது, போட்டோவுக்கு உதவும். தலைவர் பெண் என்றால் பெண்கள் தோளில் போர்த்துவார்கள், ஆண்கள் மரியாதையாகக் கையில் கொடுத்துக் கும்பிடுவார்கள். வாங்கின பொன்னாடையைப் பின்னால் நிற்பவரிடம் தள்ளிவிட்டு அடுத்ததற்குக் கை நீட்ட வேண்டும். மோகனப்ரியாவுக்குப் பின்னால் நிற்பது அலமு. வாங்கி மடித்து வைப்பதோடு அவள் வேலை முடியாது. வெறுங்கையோடு வந்து வரிசையில் கூசி நிற்பவர்கள் இருப்பார்கள். மடித்த பொன்னாடையில் ஒன்றைப் பின்பக்கமாகக் கொண்டுபோய் அவர்கள் கையில் திணித்து, "போ, குடு" என்று அனுப்ப வேண்டும். ஐந்தாறு பொன்னாடையே சுற்றிச் சுற்றி ஐம்பது பேர் கைக்கு வரும். மோகனப்ரியா சொல்லிக் கொடுத்த ஏற்பாடு இது. "இல்லாதவங்க அசிங்கப்படக் கூடாதுக்கா. துண்டுதானே, சுத்தட்டும்" என்பாள்.

மாலையும் துண்டுமாக வருகிறவர்களைச் சந்தேகப்பட இந்தப் பக்கத்து ஜனங்களுக்கு எல்லாரையும் விட அதிகக் காரணம் இருக்கிறது. ஸ்ரீபெரும்புதூரில் ஒரு தேர்தல் கூட்டத்தில் மாலையோடு வந்தவள் என்ன கொண்டுவந்தாள் என்று உலகத்துக்கே தெரியும். அப்போது அலமு சின்னப் பெண். அவளுடைய அப்பா ஒரு வாரம் வாசல் கதவைத் திறக்க விடவில்லை. இப்போதும் அவள் போகிற கம்பெனி பஸ் அந்த நினைவிடத்து வாசலைத் தாண்டித்தான் போகிறது. இத்தனைக்குப் பிறகும், மரியாதை செய்ய வருகிறவனைத் தடுத்து நிறுத்தி "கையில் என்ன" என்று கேட்க நமக்கு வாய் வராது. கேட்டால் அவனை அவமானப்படுத்தியதாகிவிடும். செத்தாலும் சாவோம், வந்தவன் மனசு நோகக் கூடாது.

புதுக் குடிநீர்த் தொட்டித் திறப்பு விழா. காலை வெயில் ஏறியிருந்தது. தொட்டியடியில் சாமியானா. மோகனப்ரியா மாம்பழ நிறப் பட்டில் வந்திருந்தாள். குழாயைத் திறந்து முதல் குடத்தைப் பிடித்துக் கொடுத்தாள். பெண்கள் குலவை போட்டார்கள். பிறகு வரிசை தொடங்கியது.

ஏழெட்டுப் பேர் போயிருப்பார்கள். வரிசையின் ஓரத்தில் ஓர் ஆள் நிற்பதை அலமு பார்த்தாள். இருபத்தைந்து வயசுக்குள். பேன்ட்டுக்கு வெளியே விட்ட தொளதொள சட்டை, வியர்த்த முகம், கையில் ஒன்றும் இல்லை. முன்னே போவதா வேண்டாமா என்று காலை மாற்றி மாற்றி வைத்துக்கொண்டிருந்தான். அலமுவுக்குப் பாவமாக இருந்தது. பக்கத்துக் கம்பெனியில் வேலைக்குச் சொல்லிவிடும்படி கேட்க வந்தவன் என்று நினைத்தாள். அப்படித்தான் தினம் நாலு பேர் வருவார்கள்.

"இன்னா தம்பி, வெறுங்கையா வந்துட்டியா?"

அவன் அவள் முகத்தைப் பார்த்தான். "ஆமாக்கா" என்றான்.

"அதுக்கு ஏன் இப்புடி முழிக்கிற? இந்தா. போ, குடுத்துட்டு ஒரு போட்டோ எடுத்துக்கோ."

கையில் பொன்னாடையை வைத்தாள். அவன் தயங்கினான். தோளில் கை வைத்து அலமுவே அவனை முன்னே தள்ளினாள். வரிசையில் இரண்டு பேரை விலகச் சொல்லி வழியும் விட்டாள்.

அவன் பொன்னாடையைப் பரக்க விரித்தான். விரித்ததற்கு அடியில் அவன் கை இடுப்புக்குப் போய்க் கத்தியோடு வந்ததை யாரும் பார்க்கவில்லை. வாங்கிக்கொள்ள மோகனப்ரியா சிரித்தபடி இரண்டு கையையும் நீட்டினாள். அதே நேரம் சாமியானாவுக்குப் பின்னால் நாட்டு வெடிகுண்டு வெடித்தது. புகை கலைந்து, ஜனம் ஓடி, விழுந்து, எழுந்து பார்த்தபோது எல்லாம் முடிந்திருந்தது. பைக்குகள் போய்விட்டன. ரத்தத்தில் நனைந்த பொன்னாடை அவள் மேலேயே கிடந்தது. குழாயை மூடுவதற்கு ஆள் இல்லை. தொட்டித் தண்ணீர் ஓடிவந்து சிவப்பாகப் பரவியது. அலமு மண்டி போட்டு உட்கார்ந்து மோகனப்ரியாவின் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு, "நான்தான் குடுத்தேன், நான்தான் குடுத்தேன்" என்று அலறினாள். அப்போது அதன் அர்த்தம் யாருக்கும் விளங்கவில்லை.

சாயங்காலத்துக்குள் விளங்கிவிட்டது. விழாவை யாரோ செல்போனில் எடுத்திருந்தார்கள். கொலைகாரனின் முதுகுதான் அதில் தெரிந்தது. ஆனால் அலமு பொன்னாடையை நீட்டுவதும், தோளில் கை வைத்துத் தள்ளுவதும் தெளிவாக இருந்தன. "கூட இருந்தே குழி பறித்தவள்" என்று எழுதி எவனோ அதை வாட்ஸ்அப்பில் விட்டான். எவனோ என்ன, ரகுவின் ஆள்தான். போலீஸ் அலமுவைக் கூட்டிப்போய் மூன்று நாள் வைத்து விசாரித்துத் திருப்பி அனுப்பியது. அவள் மேல் ஒன்றும் இல்லை என்று போலீசுக்குப் புரிந்தது, ஊருக்குப் புரியவில்லை. கருமாதி நாளில் மோகனப்ரியாவின் அம்மா, "எவ்ளோ வாங்கினடி?" என்று கேட்டுப் பிடி மண்ணை அள்ளி அவள் முகத்தில் எறிந்தாள். அலமு மண்ணைத் துடைக்காமல் வீட்டுக்கு நடந்தாள்.

ஐந்து பேர் வெளி மாவட்டக் கோர்ட் ஒன்றில் சரண்டர் ஆனார்கள். எல்லாம் கூலிக்கு வந்த பையன்கள். அவர்களில் ஒருவன் தமிழ்வாணன், பொன்னாடையை வாங்கிக்கொண்டு போனவன். அடையாள அணிவகுப்பில் அலமு அவனைத் தொட்டுக் காட்டினாள். ரகுவின் பேரும் வழக்கில் சேர்ந்தது. ஆறு மாதத்தில் அவன் ஜாமீனில் வந்தான். வந்த கையோடு இடைத்தேர்தல். கங்கா மனு போட்டாள். இன்னும் இரண்டு பெண்கள் போட்டார்கள். அவர்கள் வீட்டுக்கு ரகு நேரில் போய்க் காபி குடித்துவிட்டு வந்தான். மறுநாள் இரண்டு மனுவும் வாபஸ். கங்கா போட்டியின்றித் தேர்வு. செத்தவள் நாற்காலிக்கு ஒரே ஓர் ஓட்டுக்கூட விழாமல் ஆள் வந்தாயிற்று. இதற்குப் பேரும் தேர்தல்தான். ஏரிக்கரைப் பள்ளம் அந்த வாரமே மூடப்பட்டது.

அலமு வார்டு உறுப்பினர் பதவியை விடவில்லை. கூட்டத்துக்குப் போவாள், கடைசி நாற்காலியில் உட்காருவாள், பக்கத்து நாற்காலி காலியாகவே இருக்கும். "ராஜினாமா பண்ணிட்டு நிம்மதியா இரேன்" என்று கேன்டீனில் கூட வேலை செய்கிறவர்கள் சொன்னார்கள். விட்டுவிட்டால் ஊர் சொன்னது நிஜமாகிவிடும் என்று அவளுக்கு இருந்தது. தமிழ்வாணனின் முகத்தைக் கிட்டத்தில் பார்த்துப் பேசியவள் அவள் ஒருத்திதான். கோர்ட்டில் அவள் கை காட்டினால் வழக்கு நிற்கும், காட்டாவிட்டால் விழும். ரகுவுக்கும் அது தெரியும்.

விசாரணை தொடங்குகிற வாரம் நிலாவிடமிருந்து போன் வந்தது. நிலா எலக்ட்ரானிக்ஸ் கம்பெனி ஒன்றில் சேர்ந்து ஹாஸ்டலில் இருந்தாள்.

"அம்மா, பஸ் ஸ்டாப்ல ஒருத்தர் எனக்குப் பொன்னாடை போத்தினாரு."

அலமுவுக்குக் காதில் விழுந்தது மனசுக்கு எட்ட நேரமானது. "யாரு?"

"தெர்லம்மா. பெரிய மனுசன் மாதிரி இருந்தாரு. சுத்தி எல்லாப் பொண்ணுங்களும் பாத்துகினு இருந்தாங்க. 'உங்கம்மா நம்ம ஊருக்கு ரொம்ப வேண்டியவங்க, ஒடம்ப பாத்துக்கச் சொல்லு'ன்னாரு. போட்டோ எடுத்துகினு போய்ட்டாரு."

அந்தப் போட்டோ கொஞ்ச நேரத்தில் அலமுவின் போனுக்கு வந்தது. கம்பெனி யூனிபாரத்தின் மேல் ஜரிகைத் துண்டோடு நிலா நிற்கிறாள். என்ன செய்வதென்று தெரியாமல் கொஞ்சம் சிரிக்கவும் செய்கிறாள். ஒரு கெட்ட வார்த்தை இல்லை, ஒரு மிரட்டல் இல்லை. போலீசிடம் காட்டினால், மரியாதைதானே செய்திருக்கிறார்கள் என்பார்கள். அலமு போனைக் கவிழ்த்து வைத்துவிட்டுக் வாசல் கதவைத் தாழ் போட்டாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை நிலா வீட்டுக்கு வந்தாள். வந்ததும் செருப்பைக்கூடக் கழற்றாமல் ஆரம்பித்தாள்.

"தெர்லன்னு சொல்லிட்டு வாம்மா. அவ்ளோதான். ஞாபகம் இல்லன்னு சொல்லு."

"ஞாபகம் கீதே."

"கோபிநாத் மாமாவே தெர்லன்னு சொல்லப் போறாராம். செத்தது அவரு பொண்டாட்டி. அவருக்கில்லாத அக்கறை உனக்கு இன்னா?"

"அவரு கையால துண்டு குடுக்கலடி. நான் குடுத்தேன்."

"செத்தவங்களுக்காக இவ்ளோ பாக்கிற. உசுரோட கீறவ ஒருத்தி கீறேன், எனக்காக இன்னா பாப்ப?"

அலமு எழுந்துபோய் மகளுக்குப் பிடித்த வெங்காயச் சட்னி அரைத்தாள். நிலா சாப்பிடாமலே போனாள். அடுத்த மாதம் ஓசூர்ப் பக்கம் வேறு கம்பெனிக்கு மாறிவிட்டாள். புது நம்பரை அம்மாவுக்குத் தரவில்லை.

கோர்ட்டில் சாட்சிகள் ஒவ்வொருவராக ஏறி இறங்கினார்கள். புகையில் ஒன்றும் தெரியவில்லை என்றார் ஒருவர். நான் அன்றைக்கு ஊரிலேயே இல்லை என்றார் போட்டோவில் முன்வரிசையில் நிற்கிற இன்னொருவர். கோபிநாத் கூண்டில் ஏறி, தன் மனைவிக்கு யாரோடும் பகை இல்லை என்று தரையைப் பார்த்துச் சொன்னான். ஏரியைப் பற்றிக் கேட்டபோது, "எந்த ஏரி?" என்றான். இறங்கி வரும்போது அலமுவைத் தாண்டிப் போக வேண்டியிருந்தது. "ரெண்டு கொயந்தங்கக்கா" என்று மட்டும் முனகினான். அவனைக் கோழை என்று திட்ட அலமுவுக்கு மனசு வரவில்லை.

அலமுவின் முறை வந்தது. பார்த்ததைச் சொன்னாள். தமிழ்வாணனைக் காட்டினாள். அப்புறம் எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்தார்.

"பொன்னாடையைக் குடுத்தது யாரு?"

"நான்தாங்க."

"முன்னாடி தள்ளி விட்டது?"

"நான்தாங்க."

"ரெண்டு பேரை விலகச் சொல்லி வழி விட்டது?"

"அதுவும் நான்தாங்க."

வக்கீல் நீதிபதி பக்கம் திரும்பிப் புன்னகைத்தார். "முன்பின் தெரியாத ஆளுக்கு எதுக்கும்மா இவ்வளவு உபசாரம்? ஏன் குடுத்தீங்க?"

அலமு வக்கீலைப் பார்க்கவில்லை. எதிர்க் கூண்டில் நின்ற தமிழ்வாணனைப் பார்த்தாள். அங்கேயும் காலை மாற்றி மாற்றித்தான் வைத்துக்கொண்டிருந்தான்.

"வெறுங்கையா நிக்கிறானே, நாலு பேர் எதிர்ல கூசுவானேன்னு குடுத்தேங்க. மோகனப்ரியாதான் அப்புடிக் குடுக்கச் சொல்லிக் குடுத்துச்சு. இல்லாதவங்க அசிங்கப்படக் கூடாதுன்னு சொல்லும்."

தமிழ்வாணன் தலையைக் குனிந்துகொண்டான். அடுத்த கேள்விக்கு வக்கீல் கொஞ்ச நேரம் தாளைப் புரட்டினார்.

தீர்ப்பு வந்தது. தமிழ்வாணனுக்கு ஆயுள். மற்ற நாலு பேரும் அடையாளம் நிரூபிக்கப்படாததால் விடுதலை. ரகுவுக்கு எதிராகச் சதிக்கு ஆதாரம் இல்லை, விடுதலை. வெட்டின கை உள்ளே போயிற்று. வெட்டச் சொன்ன வாய் வெளியே வந்து பட்டாசு வெடித்து ஊருக்கே பிரியாணி போட்டது. ஊரும் போய்ச் சாப்பிட்டது. மோகனப்ரியாவின் அம்மா மட்டும் அன்றைக்குச் சாயங்காலம் அலமு வீட்டு வாசலில் வந்து உட்கார்ந்தாள். அலமு காபி கொடுத்தாள். குடித்துவிட்டு டம்ளரைக் கழுவிக் கவிழ்த்து வைத்துவிட்டுப் போனாள்.

இனிப் பகை வேண்டாம் என்று ரகு சொல்லிக்கொண்டு திரிந்தான். சுதந்திர தின கிராம சபைக்கு ஏற்பாடு தடபுடல். அதே தொட்டியடி, புதுச் சாமியானா. துப்புரவுத் தொழிலாளர்களுக்கும் வார்டு உறுப்பினர்களுக்கும் தலைவர் கையால் பொன்னாடை என்று நோட்டீசில் போட்டிருந்தது. அது யாருக்கான பொன்னாடை என்பது ஊருக்கே தெரியும். கங்கா போர்த்த, அலமு கழுத்தைக் குனிந்தால் போதும். அந்தப் போட்டோ சாயங்காலத்துக்குள் எல்லா வாட்ஸ்அப் குழுவுக்கும் போகும். சாட்சி சொன்னவளே சமாதானமாகிவிட்டாள், அப்படியானால் ரகுவின் மேல் என்ன தப்பு என்று முடிந்துவிடும். போகாமல் இருந்துவிடலாமா என்று அலமு யோசித்தாள். போகாவிட்டால் பயந்துவிட்டாள் என்பார்கள். அதுவும் ரகுவுக்கு லாபம்தான். வெளுத்த நீலப் புடவையை உடுத்திக்கொண்டு போனாள்.

ஒன்று, இரண்டு என்று வார்டு வாரியாகக் கூப்பிட்டார்கள். "மூன்றாவது வார்டு உறுப்பினர், அன்புக்குரிய அலமு அக்கா" என்றது மைக். செல்போன்கள் உயர்ந்தன. முன்வரிசையில் கால்மேல் கால் போட்டு ரகு கைதட்டினான்.

அலமு மேடை ஏறினாள். தட்டில் இருந்த பொன்னாடையைக் கங்கா கையில் எடுத்தாள். கங்கா கெட்டவளா நல்லவளா என்று ஊரில் யாருக்கும் தெரியாது. அவள் பேசி யாரும் கேட்டதில்லை. புருஷன் எழுதிக் கொடுத்ததைப் படிப்பாள், நீட்டிய இடத்தில் கையெழுத்துப் போடுவாள். இப்போதும் பொன்னாடையை மடிப்புப் பிரிக்காமல் தூக்கிக்கொண்டு முன்னால் வந்தாள். அலமு கழுத்தைக் குனியவில்லை.

"இரும்மா" என்றாள்.

கங்கா நின்றாள்.

"உதறு."

"இன்னாக்கா?"

"உதறிக் காட்டும்மா. அடியில ஒண்ணும் இல்லேன்னு எல்லாரும் பாக்கட்டும். அப்பால போத்து."

மைக் பக்கத்திலேயே இருந்தது. சாமியானா முழுக்கக் கேட்டது. கைதட்டிக்கொண்டிருந்தவர்கள் கை அப்படியே நின்றது. ரகு காலைக் கீழே இறக்கினான். "இன்னாமா இது, நல்ல நாள்ல" என்று சிரித்தபடி எழுந்தான். எப்போதும் அவன் சிரித்தால் யாராவது கூடச் சிரிப்பார்கள். அன்றைக்கு ஒருத்தரும் சிரிக்கவில்லை. அலமு அவன் பக்கம் திரும்பவே இல்லை. நிலாவின் முகம் வந்து வந்து போனது. கங்காவை மட்டும் பார்த்துக்கொண்டு நின்றாள்.

கங்கா புருஷனைப் பார்த்தாள். அவன் தலையை இடமும் வலமுமாக மெல்ல ஆட்டினான், வேண்டாம் என்று. கங்கா திரும்பி அலமுவைப் பார்த்தாள். பிறகு பொன்னாடையின் இரண்டு முனையையும் பிடித்துப் பிரித்து, ஈரத் துணியை உதறுவது போலப் பலமாக உதறினாள். ஜரிகை வெயிலில் அடித்தது. முன்பக்கம் காட்டினாள், பின்பக்கம் காட்டினாள். அவள் அழுதுகொண்டிருந்தாள்.

அப்புறம்தான் அலமு கழுத்தைக் குனிந்தாள்.

அந்தப் போட்டோவை ரகுவின் ஆட்கள் எந்தக் குழுவிலும் போடவில்லை. ஆனால் பின்வரிசையில் யாரோ எடுத்த வீடியோ ஓசூர் வரைக்கும் போயிருக்க வேண்டும். ரெண்டு நாள் கழித்துத் தெரியாத நம்பரிலிருந்து அலமுவுக்குப் போன் வந்தது. எடுத்தால் பேச்சில்லை, மூச்சு மட்டும் கேட்டது. ரகுவின் ஆளாக இருக்கலாம், மகளாகவும் இருக்கலாம். அலமு போனைக் காதோடு அழுத்திக்கொண்டு, "சாப்டியா?" என்று கேட்டாள்.